வாசல் காத்த பூதம்

மேசைமேல் வைத்த காப்பி ஆறிவிடுகிறது. ஆறிய காப்பி, எவரும் அடுப்பில் ஏற்றாமல், தானே மீண்டும் சூடேறியதை நேயர்களில் யாரேனும் கண்டதுண்டா? நான் கண்டதில்லை. எனக்கு முன் வாழ்ந்த எவரும் கண்டதாகக் கேள்விப்பட்டதும் இல்லை. கேட்பதற்கு இது சிறுபிள்ளைக் கேள்விபோலத் தோன்றும். ஆனால் பௌதிக விஞ்ஞானத்தின் மிக ஆழமான புதிர்களுள் ஒன்று இந்தக் காப்பிக் குவளைக்குள்தான் அடங்கியிருக்கிறது. காலம் ஏன் ஒரே திசையில் செல்கிறது, ஏன் திரும்பி வருவதில்லை என்பதே அந்தப் புதிர். அதற்கு விடை தேடப் புகுந்த அறிஞர்கள், உலகில் எங்கும் இல்லாத ஒரு பூதத்தைக் கற்பனையில் படைத்து, நூறாண்டுகளுக்கும் மேலாக அதனோடு வாதாடினார்கள். அந்தப் பூதத்தின் வரலாற்றையே இன்று உங்களுக்குச் சொல்ல விரும்புகிறேன்.

முதலில் காப்பியைக் கவனிப்போம். அதிலிருந்த வெப்பம் எங்கே போயிற்று? அழிந்துவிடவில்லை. அறையிலிருந்த காற்றிலும், மேசையிலும், சுவரிலும் கலந்து பரவிவிட்டது. கணக்குப் பார்த்தால் ஓர் அணுவளவும் குறையாது. சக்தி ஆக்கப்படுவதுமில்லை, அழிக்கப்படுவதுமில்லை என்று பள்ளியில் படித்திருக்கிறீர்கள். அதுவே வெப்ப இயக்கவியலின் முதல் விதி. அந்த விதி ஒன்றுமட்டும் இருந்தால், பரவிய வெப்பம் மீண்டும் குவளைக்குள் வந்து சேருவதற்குத் தடை எதுவும் இல்லை. அப்போதும் கணக்குச் சரியாகவே இருக்கும். ஆயினும் அது நடப்பதில்லை. ஆகவே, முதல் விதி சொல்லாத வேறொன்றை இயற்கை கடைப்பிடிக்கிறது என்பது தெளிவு.

அந்த வேறொன்றை முதலில் தொட்டவர் பிரெஞ்சுப் பொறியாளர் சாதி கார்னோ. 1824ஆம் ஆண்டில், தம் 28ஆம் வயதில், அவர் நீராவி இயந்திரங்களைப் பற்றிச் சிறு நூல் ஒன்றை வெளியிட்டார். அருவி நீர் உயரத்திலிருந்து பள்ளத்திற்கு வீழ்வதால்தான் சக்கரம் சுழலுகிறது. நீர் எவ்வளவு இருந்தாலும், உயர வேறுபாடு இல்லையேல் சக்கரம் அசையாது. வெப்பமும் அவ்வாறே. சூடான இடம் ஒன்றும் குளிர்ந்த இடம் ஒன்றும் வேண்டும். இரண்டிற்கும் இடையே உள்ள வேறுபாடே வேலை செய்கிறது. 1850ஆம் ஆண்டில் ஜெர்மானியரான கிளாசியஸும், அடுத்த ஆண்டுகளில் பிற்காலத்தில் கெல்வின் பிரபு எனப் பெயர்பெற்ற வில்லியம் தாம்ஸனும் இந்தக் கருத்தை ஒரு விதியாக வகுத்தனர். வெப்பம் குளிர்ந்த பொருளிலிருந்து சூடான பொருளுக்குத் தானாகச் செல்லாது. இதுவே இரண்டாம் விதி. 1865இல் கிளாசியஸ், சக்தி எவ்வளவு சிதறிப் பயனற்றுப் போயிருக்கிறது என்பதை அளக்கும் அளவுக்கு என்ட்ரோபி என்று பெயரிட்டார். தன்போக்கில் விடப்பட்ட உலகில் இந்தச் சிதறல் பெருகுமேயன்றிக் குறையாது.

மாணவர்கள் இங்கே ஒன்றை ஆழ்ந்து நோக்க வேண்டும். நியூட்டனின் இயக்க விதிகளுக்கு முன்னும் பின்னும் ஒன்றுதான். கிரகம் சூரியனைச் சுற்றும் காட்சியைத் திரைப்படமாக்கிப் பின்னோக்கி ஓட்டினால், அதில் பிழை கண்டுபிடிக்க முடியாது. ஆனால் உடைந்த பானை துண்டு துண்டாக எழுந்து ஒன்றுசேரும் படத்தைக் காட்டினால், குழந்தையும் சிரிக்கும். நேற்று எது, நாளை எது என்று நமக்குக் காட்டும் அடையாளம் இந்தச் சிதறல்தான். சக்தி சிதறும் திசையே காலம் செல்லும் திசையாக நமக்குத் தோன்றுகிறது. எனவே, சிதறிய வெப்பத்தைச் செலவில்லாமல் மீட்கும் உபாயம் ஒன்று கிடைக்குமாயின், அது எரிபொருள் மிச்சம் என்ற அளவோடு நில்லாது. காலத்தையே திருப்பிவிட்ட செயலாகும்.

இது ஏட்டுச் சுரைக்காய் அன்று என்பதை எனக்கு உணர்த்தியவர் ஒரு மாணவர். பல ஆண்டுகளுக்கு முன் நான் கல்லூரியில் பௌதிகம் கற்பித்துக்கொண்டிருந்தேன். ஒரு நாள் மாலை, வகுப்பு முடிந்தபின், முதலாண்டு மாணவர் ஒருவர் பெரிய தாளொன்றைச் சுருட்டி எடுத்துக்கொண்டு என் அறைக்கு வந்தார். உழவர் குடும்பத்துப் பிள்ளை. தாளை விரித்தார். கிணற்று நீருக்குள் ஒரு குழாய்ச் சுருள், அதனுள் திரவ அம்மோனியா. கிணற்று நீரின் வெப்பமே அம்மோனியாவைக் கொதிக்கவைக்கப் போதுமானது. சாதாரண அழுத்தத்தில் அது பூஜ்யத்திற்குக் கீழே 33 டிகிரி சென்டிகிரேடிலேயே கொதித்துவிடும். எழும் ஆவி உந்துதண்டைத் தள்ளும். உந்துதண்டு நீரை இறைக்கும். ஆவி மீண்டும் குழாய் வழியே சுருளுக்குத் திரும்பும். எண்ணெய் வேண்டாம், மின்சாரம் வேண்டாம். கிணற்று நீர் சற்றே குளிரும். வெயில் அதை மீண்டும் சூடாக்கிவிடும். படம் மிகத் தூய்மையாக வரையப்பட்டிருந்தது. இயந்திரத்தைச் செய்து பார்ப்பதற்காக, அவர் தந்தையார் கிணற்றடி நிலத்தில் ஒரு பகுதியை ஒத்திக்கு வைக்கவும் இசைந்துவிட்டாராம்.

"தம்பி, இது நடவாது. வெப்ப இயக்கவியலின் இரண்டாம் விதிக்கு இது முரணானது" என்றேன்.

அவர் பணிவாகவே கேட்டார்: "விதி தடுக்கிறது என்கிறீர்கள், ஐயா. என் படத்தில் எந்த இடத்தில் தடுக்கிறது?"

எனக்கு உடனே விடை தோன்றவில்லை. விதியை மேற்கோள் காட்டத் தெரிந்த எனக்கு, பிழை இருக்கும் இடத்தைத் தொட்டுக் காட்டத் தெரியவில்லை. இரண்டு நாள் தவணை கேட்டு அவரை அனுப்பினேன். அந்த இரண்டு நாட்களில் நான் கண்டதைப் பிறகு சொல்கிறேன். இதே கேள்வியை, இதைவிடப் பன்மடங்கு கூர்மையாக, ஒரு மேதை 1867ஆம் ஆண்டிலேயே எழுப்பியிருந்தார். அவர் பெயர் ஜேம்ஸ் கிளார்க் மாக்ஸ்வெல்.

மாக்ஸ்வெல் 1831ஆம் ஆண்டில் எடின்பரோ நகரில் பிறந்தவர். மின்சாரமும் காந்தமும் ஒளியும் ஒரே குடும்பம் என்று கணிதத்தால் நிறுவியவர். 48 வயதிலேயே, 1879இல், மறைந்துவிட்டார். வாயுக்களைப் பற்றியும் அவர் ஆழ்ந்து ஆராய்ந்தார். வெப்பம் என்பது தனிப் பொருளன்று, மூலக்கூறுகளின் ஓயாத ஓட்டமே வெப்பம் என்பது அவர் காலத்தில் வலுப்பெற்று வந்த கொள்கை. ஓர் அறையின் காற்றிலுள்ள நைட்ரஜன் மூலக்கூறுகள் சராசரியாக வினாடிக்குச் சுமார் 470 மீட்டர் வேகத்தில் பறந்துகொண்டிருக்கின்றன. ஆனால் எல்லாம் ஒரே வேகத்தில் ஓடுவதில்லை. சில மிக விரைவாகவும் சில மெதுவாகவும் ஓடுகின்றன. எத்தனை பங்கு எந்த வேகத்தில் ஓடும் என்பதற்குரிய விதியை மாக்ஸ்வெல் 1860இல் வெளியிட்டார். ஆகவே, வெதுவெதுப்பான காற்றுக்குள்ளேயே சூடான மூலக்கூறுகள் என்று சொல்லத்தக்கவையும், குளிர்ந்தவை என்று சொல்லத்தக்கவையும் கலந்தே இருக்கின்றன. அவற்றைப் பிரித்தெடுக்க ஆளில்லை என்பதுதான் குறை.

ஆள் ஒருவன் இருந்தால்? 1867 டிசம்பரில் தம் நண்பர் டெய்ட்டுக்கு எழுதிய கடிதத்தில் மாக்ஸ்வெல் இந்தக் கற்பனையை விரித்தார். காற்று நிறைந்த பெட்டி ஒன்றை நடுச்சுவரால் இரண்டு அறைகளாகப் பிரித்துவிடுங்கள். சுவரில் ஒரு சிறு வாசல்; அதற்கு எடையற்ற, உராய்வற்ற ஒரு கதவு. வாசலில், ஒவ்வொரு மூலக்கூறையும் தனித்தனியே காணவல்ல நுண்ணிய காவலன் ஒருவனை நிறுத்துங்கள். இடப்புறத்திலிருந்து விரைவான மூலக்கூறு வந்தால் கதவைத் திறந்து வலப்புறம் விடுவான். வலப்புறத்திலிருந்து மெதுவானது வந்தால் இடப்புறம் விடுவான். மற்றவற்றுக்குக் கதவடைப்பான். சிறிது நேரத்தில் வலப்புற அறை சூடேறும். இடப்புற அறை குளிரும். அவன் எதையும் தள்ளவில்லை, இழுக்கவில்லை, வேலை எதுவும் செய்யவில்லை. பார்த்தான், அறிந்தான், கதவைத் திறந்தான், அவ்வளவே. ஆறிய காப்பி சூடேறிவிட்டது! இரண்டாம் விதி எங்கே?

1871இல் வெளிவந்த வெப்பவியல் நூலில் மாக்ஸ்வெல் இதை உலகறிய எழுதினார். அவர் இந்தக் காவலனைச் சிற்றுயிர் என்ற பொருளிலேயே குறித்தார். 1874இல் வில்லியம் தாம்ஸன்தான் அதற்குப் பூதம் என்று பெயர் சூட்டினார். தீங்கு செய்யும் பேய் என்பது அவர் கருத்தன்று. மனிதருக்கும் தெய்வத்திற்கும் இடைப்பட்டதாகக் கிரேக்கர் கருதிய அமானுஷ்யமான ஆள் என்பதே கருத்து. தமிழில் பூதம் என்ற சொல் இதற்கு நன்றாகவே பொருந்துகிறது. நம் பாட்டிமார் கதைகளிலும் பூதம் புதையலைக் காக்கிறது. இரவோடு இரவாகக் குளம் வெட்டிக் கொடுக்கிறது. ஆனால் அந்தக் கதைகளில் பூதத்தை ஏவியவன் கடைசியில் ஏதேனும் ஒரு விலை கொடுத்தாக வேண்டும். மாக்ஸ்வெல்லின் பூதம்மட்டும் விலை கேளாமல் வேலை செய்வதாகத் தோன்றியது.

மாக்ஸ்வெல் ஏன் இதைப் படைத்தார்? இரண்டாம் விதியைப் பொய்யாக்குவதற்கன்று. அது எவ்வகை மெய் என்று காட்டுவதற்கு. ஒரு குவளைத் தண்ணீரைக் கடலில் ஊற்றிவிட்டு, அதே தண்ணீரைத் திரும்ப முகந்தெடுக்க முடியாது என்பது எவ்வளவு உண்மையோ, அவ்வளவு உண்மை இந்த விதி என்று 1870இல் ஒரு கடிதத்தில் அவர் விளக்கினார். அதாவது, இது எண்ணிக்கையின் பெருக்கத்தால் வரும் உண்மை. 100 மூலக்கூறுகள் மட்டுமே ஒரு பெட்டியில் இருப்பதாகக் கொள்வோம். அவை அனைத்தும் தற்செயலாக ஒரு பாதியிலேயே சேர்ந்திருக்கும் வாய்ப்பு எவ்வளவு? 1-ஐ அடுத்து 30 பூஜ்யங்கள் எழுதினால் வரும் எண்ணில், ஏறத்தாழ ஒரு பங்கு. ஒரு கன சென்டிமீட்டர் காற்றிலோ, 27-ஐ அடுத்து 18 பூஜ்யங்கள் இடத்தக்க அளவு மூலக்கூறுகள் உள்ளன. அவையெல்லாம் ஒரு மூலையில் ஒதுங்குவதை எதிர்பார்த்துக் காத்திருந்தால் பிரபஞ்சத்தின் வயதும் போதாது. இந்த எண்ணிக்கைக் கருத்தைக் கணித உருவில் நிலைநாட்டியவர் வியன்னாவின் லுட்விக் போல்ட்ஸ்மன். அவர் கண்ட உண்மையைச் சுருக்கிச் சொல்லும் சூத்திரம், வியன்னாவில் அவர் கல்லறையின் மேலேயே பொறிக்கப்பட்டிருக்கிறது.

எனினும் பூதம் வாசலைவிட்டு அகலவில்லை. தற்செயலுக்குக் காத்திராமல், அறிவைக்கொண்டு பிரிப்பவனுக்கு என்ன தடை? என் மாணவரின் கேள்விதான் இது: எந்த இடத்தில் தடுக்கிறது?

முதலில் போலந்து நாட்டு விஞ்ஞானி ஸ்மொலுகோவ்ஸ்கி 1912இல் ஒரு விடை தந்தார். அறிவுள்ள பூதம் வேண்டாம். வில்பொருத்திய சிறு கதவு ஒன்று தானே இந்த வேலையைச் செய்யட்டும் என்று கருதுவோம். மூலக்கூறு மோதினால் திறக்கும் அளவுக்கு அந்தக் கதவு மென்மையாக இருக்க வேண்டும். அவ்வளவு மென்மையான கதவோ, மோதல்களால் தானும் வெப்பமேறி நடுங்கத் தொடங்கும். கண்டபடி திறந்து மூடும். உள்ளே வந்ததையெல்லாம் வெளியே விட்டுவிடும். ஆகவே அறிவில்லாத கதவு தோற்றது. அறிவுள்ள காவலன்?

1929ஆம் ஆண்டில், பெர்லினிலிருந்த லியோ ஸிலார்டு என்ற ஹங்கேரி நாட்டு இளைஞர் மிக எளிய மாதிரி ஒன்றைக் கற்பித்தார். பிற்காலத்தில் அணுக்கருத் தொடர்வினையை முதன்முதலாக எண்ணிப் பார்த்தவரும் அவரே. அவர் எடுத்துக்கொண்ட பெட்டியில் ஒரே ஒரு மூலக்கூறுதான் உண்டு. நடுவில் ஒரு தடுப்பைச் செருகுகிறோம். மூலக்கூறு இடப்புறமா, வலப்புறமா என்று பூதம் பார்க்கிறது. அது இருக்கும் புறம் தெரிந்தால், தடுப்பையே உந்துதண்டாக்கி, மூலக்கூறு அதைத் தள்ளும்போது வேலை வாங்கலாம். எவ்வளவு வேலை கிடைக்கும் என்றும் ஸிலார்டு கணக்கிட்டார். இடமா, வலமா என்ற ஒரே ஒரு செய்திக்கு இவ்வளவு சக்தி மதிப்பு என்று அறிவுக்கும் சக்திக்கும் இடையே நாணயமாற்று விகிதம் ஒன்று முதன்முறையாகக் கிடைத்தது. விதி பிழைக்க வேண்டுமாயின், பூதம் எங்கோ ஓரிடத்தில் அவ்வளவையாவது செலவிட்டாக வேண்டும் என்றார் அவர். பார்ப்பதிலேயே அந்தச் செலவு இருக்கலாம் என்று பலரும் கருதினர். 1951இல் பிரில்லூவான், இருட்டான பெட்டியில் மூலக்கூறைக் காண விளக்கு வேண்டும், விளக்கின் செலவு வரவைவிடப் பெரிது என்று வாதிட்டார். பூதம் மாண்டது என்றே பலரும் நம்பினர்.

ஆனால் உண்மையான இடம் அதுவன்று. அதைக் கண்டுபிடித்தவர்கள் கணிப்பொறிகளை ஆராய்ந்தவர்கள். 1961இல் ஐ.பி.எம். நிறுவனத்தைச் சேர்ந்த ரோல்ஃப் லண்டவர் ஒரு கேள்வியை எழுப்பினார்: கணக்கிடும் பொறி ஏன் சூடாகிறது? அதன் செயல்களுள் எவை தவிர்க்க முடியாதபடி வெப்பத்தை உண்டாக்குகின்றன? கூட்டுவதோ, படியெடுப்பதோ அன்று. எழுதியதை அழிப்பதுதான் என்றார் அவர். ஆம், இல்லை என்ற ஒரே ஒரு செய்தியை அழிப்பதற்கும் குறைந்த அளவு இவ்வளவு என்று ஒரு வெப்பம் வெளியேறியே தீரும். 27 டிகிரி வெப்பநிலையில், ஒரு ஜூல் சக்தியைச் சுமார் 35 லட்சம் கோடி கோடிப் பங்குகளாகப் பிரித்தால் வரும் ஒரு பங்கே அந்த அளவு. மிக மிகச் சிறியது, ஆனால் பூஜ்யமன்று. ஸிலார்டு கணக்கிட்ட நாணயமாற்று விகிதமும் இதுவேதான்!

அதே நிறுவனத்தைச் சேர்ந்த சார்லஸ் பென்னட் 1982இல் இதைப் பூதத்தோடு பொருத்திக் காட்டினார். மிக நுட்பமாகவும் மெதுவாகவும் செய்தால், பார்ப்பதற்குச் செலவே இல்லாமற் செய்துவிடலாம். ஆனால் பூதம் பார்த்ததை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும் அல்லவா? விரைவானது, மெதுவானது, இடம், வலம் என்று ஏட்டில் குறித்துக்கொண்டே போகிறது. ஏடு எவ்வளவு பெரிதாக இருந்தாலும் ஒரு நாள் நிறைந்துவிடும். மேலும் வேலை நடக்க வேண்டுமாயின் ஏட்டை அழித்துத் தூய்மை செய்ய வேண்டும். அழிக்கும் அந்தக் கணத்தில், அதுவரை சம்பாதித்தது அவ்வளவும் வெப்பமாகச் சிதறிப் போய்விடுகிறது. பூதம் அறிந்ததற்காகத் தண்டம் கட்டவில்லை, மறப்பதற்காகவே கட்டியது.

இப்போது என் மாணவரிடம் திரும்புவோம். இரண்டு நாள் அவர் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். அம்மோனியா கொதிப்பது மெய். ஆவி தள்ளுவது மெய். உந்துதண்டு நீரை இறைப்பதும் மெய். அதன் பின், ஆவி சுருளுக்குத் திரும்புவதற்காக அவர் ஓர் அம்புக்குறி போட்டிருந்தார். ஒவ்வொரு பாகத்திற்கும் அளவு எழுதியிருந்தவர், அந்த அம்புக்குறியின் அருகே ஒன்றுமே எழுதவில்லை. அங்கேதான் விதி உட்கார்ந்திருந்தது. ஆவியை மீண்டும் திரவமாக்கினால்தான் அது அடுத்த முறை கொதிக்க முடியும். அதற்குக் கிணற்றைவிடக் குளிர்ந்த இடம் ஒன்று வேண்டும். அல்லது, கிடைத்த வேலை முழுவதையும் செலவிட்டு ஆவியை அமுக்க வேண்டும். முதல் வீச்சு இலவசமாகவே கிடைக்கும். தொடக்க நிலைக்குத் திரும்புவதற்குத்தான் கூலி. பூதம் தன் ஏட்டை அழிக்க வேண்டிய இடமும், அம்மோனியா குளிர வேண்டிய இடமும் ஒன்றே என்பதை எண்ணி நான் வியந்துபோனேன்.

அவரிடம் இதைச் சொன்னபோது, அவர் முகம் வாடியது. உடனே அவருக்கு இன்னொரு வரலாற்றையும் சொன்னேன். 1881ஆம் ஆண்டில் அமெரிக்காவில் ஜான் காம்ஜி என்பவர், கடல் நீரின் வெப்பத்தால் அம்மோனியாவைக் கொதிக்கவைத்துக் கப்பல்களை நிலக்கரியின்றி ஓட்டலாம் என்று இதே இயந்திரத்தைத்தான் முன்வைத்தார். அந்நாட்டுக் கடற்படையின் மூத்த பொறியாளர் ஒருவரே அதை ஆதரித்து அறிக்கை எழுதினார். நாட்டுத் தலைவர் கார்ஃபீல்டு நேரில் வந்து பார்த்தார். அவர்களும் அந்தக் கடைசி அம்புக்குறியைத்தான் கவனிக்கத் தவறினார்கள். "ஒரு கடற்படை ஏமாந்த இடத்தில் நீ ஏமாந்தாய், தம்பி. ஆனால் நீ நிலத்தை ஒத்தி வைக்குமுன் கேட்டுவிட்டாய்" என்றேன். அவர் தாளைச் சுருட்டிக்கொண்டு எழுந்தார். வாசலில் நின்று, "கிணற்றடியில் குளிர்ந்த இடம் இல்லை. கடலடியில் இருக்குமா, ஐயா?" என்று கேட்டார்.

இருக்கிறது! அதுவும் மெய்யே. 1930இல் ஜார்ஜ் கிளாடு என்ற பிரெஞ்சு விஞ்ஞானி, கியூபாவின் கரையில், கடலின் மேல்நீருக்கும் ஆழ்நீருக்கும் உள்ள வெப்பநிலை வேறுபாட்டைக்கொண்டு 22 கிலோவாட் மின்சாரம் உண்டாக்கிக் காட்டினார். குளிர்ந்த நீரை மேலே இறைக்க அதைவிட அதிகம் செலவாயிற்று என்பது வேறு. ஆயினும் வழி பிழையன்று. அதே வேறுபாட்டைக்கொண்டு கடல்நீரைக் குடிநீராக்கும் நிலையம் ஒன்று, சென்னையிலுள்ள தேசியக் கடல் தொழில்நுட்ப நிறுவனத்தாரால் 2005ஆம் ஆண்டில் லட்சத்தீவுகளின் கவரத்தியில் அமைக்கப்பட்டது. கார்னோ சொன்ன அருவியின் உயரம் அங்கே உண்மையாகவே இருக்கிறது.

பூதத்தின் கதையும் ஏட்டோடு நின்றுவிடவில்லை. 2010இல் ஜப்பானிய ஆராய்ச்சியாளர் குழு ஒன்று, கண்ணுக்குத் தெரியாத பிளாஸ்டிக் மணியொன்றைத் திரவத்தில் வைத்து, மின்புலத்தால் அதற்குப் படிக்கட்டுப் போன்ற ஓர் ஏற்றத்தை அமைத்தது. திரவ மூலக்கூறுகளின் மோதலால் மணி தற்செயலாக ஒரு படி மேலே ஏறும்போதெல்லாம், அதைக் கண்காணித்து, கீழே விழாதபடி பின்னால் தடுப்பிட்டார்கள். எவரும் தள்ளாமலே மணி படியேறியது. பூதத்தின் வேலையைக் கண்காணிப்புக் கருவியும் கணிப்பொறியும் செய்தன. அவற்றின் மின்கட்டணமே பூதத்துக்குரிய கூலி. 2012இல் பிரான்சின் லியோன் நகரில், ஒளிக்கற்றையால் பிடித்து வைத்த ஒற்றைக் கண்ணாடி மணியில் ஒரு செய்தியை எழுதி அழித்துப் பார்த்தனர். எவ்வளவு மெதுவாக அழித்தாலும், வெளியான வெப்பம் சராசரியாக லண்டவர் வகுத்த எல்லையை நெருங்கி அங்கேயே நின்றது.

நம் உடலுக்குள்ளும் வாசல் காப்போர் உண்டு. ஒவ்வோர் உயிரணுவின் சவ்விலும் உள்ள நுண்ணிய புரதங்கள், 3 சோடியம் அயனிகளை வெளியே தள்ளி, 2 பொட்டாசியம் அயனிகளை உள்ளே ஏற்றுக்கொள்கின்றன. பிரித்தறிந்து கதவு திறக்கும் காவலர்கள் இவர்கள். ஆனால் ஒவ்வொரு முறைக்கும் ஏ.டி.பி. என்ற மூலக்கூறு ஒன்றைக் கூலியாகப் பெற்றுக்கொண்டே வேலை செய்கிறார்கள். அந்தக் கூலிக்காகத்தான் நாம் உண்கிறோம். கூலி நின்றால் வேறுபாடு மறையும். வேறுபாடு மறைந்தால் உயிரில்லை.

இத்தகைய கருத்து விஞ்ஞானிகளின் கூடத்தோடு அடங்கியிருக்குமா? சக்தி சிதறிக்கொண்டே போனால் ஒரு நாள் உலகமே ஆறிய காப்பியாகிவிடும் என்ற எண்ணம் 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஐரோப்பியரின் உள்ளத்தை உலுக்கியது. 1895இல் எச். ஜி. வெல்ஸ் எழுதிய கால இயந்திரம் என்ற நாவலின் நாயகன், எதிர்காலத்தின் கோடியில் காண்பது சிவந்து மங்கிய சூரியனும் குளிர்ந்த கடற்கரையுமே. 1959இல் சி. பி. ஸ்நோ, கேம்பிரிட்ஜில் ஆற்றிய புகழ்பெற்ற சொற்பொழிவில், இரண்டாம் விதியை அறியாத இலக்கியவாணரும், ஷேக்ஸ்பியரைப் படிக்காத விஞ்ஞானியும் ஒரே அளவு குறையுடையவர்களே என்ற கருத்தை முன்வைத்தார். 1966இல் அமெரிக்க எழுத்தாளர் தாமஸ் பிஞ்சன், மாக்ஸ்வெல்லின் பூதம் அடைபட்ட பெட்டியொன்றையே தம் நாவலுக்குள் கொண்டுவந்தார். இல்லாத ஒன்று, இருப்பவை பலவற்றைவிட நீண்ட ஆயுள் பெற்றுவிட்டது!

அதன் காரணம் எனக்குத் தெளிவாகத் தெரிகிறது. விதி தடுக்கும் என்று சொல்லி நிறுத்தியிருந்தால் மாக்ஸ்வெல் சொன்னது பிழையாகியிராது. ஆனால் விதி எங்கே தடுக்கிறது என்று கேட்டதால், வெப்பத்துக்கும் செய்திக்கும், மறதிக்கும் காலத்துக்கும் உள்ள உறவு வெளிப்பட்டது. எண்ணெயின்றி ஓடும் இயந்திரம், செலவின்றிச் சுழலும் சக்கரம் என்ற விளம்பரங்களை நீங்களும் காண்பீர்கள். அப்போது வாய்பிளந்து நம்பவும் வேண்டாம். நகைத்து ஒதுக்கவும் வேண்டாம். படத்தை வாங்கிப் பாருங்கள். தொடக்க நிலைக்குத் திரும்பும் அம்புக்குறி எங்கே என்று தேடுங்கள். அதற்குரிய கூலியை யார் கொடுக்கிறார்கள் என்று கேளுங்கள்.

என் மாணவரின் தந்தையார் நிலத்தை ஒத்திக்கு வைக்கவில்லை. அந்தத் தாளை அவர் போகும்போது என்னிடமே விட்டுச் சென்றார். கடைசி அம்புக்குறியின் அருகே, என் விளக்கத்தைக் கேட்டபின், பென்சிலால் ஒரு சொல் எழுதியிருந்தார்: "கூலி?" அந்தக் கேள்விக்குறி இன்றும் என் மேசைக்குள் பத்திரமாக இருக்கிறது.